ஏழு சட்டம்

கல்வர் சிட்டி, இரண்டாம் மாடி, பதினான்காம் அறை.
ஜன்னல் உண்டு, கருப்புத் துணிக்குப் பின்னால்.
வில்மெட் ஹாலோரன் இருபத்தொன்பது வருடம்
அங்கே வெள்ளைக் கையுறையோடு உட்கார்ந்திருந்தாள்.
கலிபோர்னியா வெயில் அவள் மணிக்கட்டு வரை வந்து
நின்றுவிடும்.

சேர்ந்த புதிதில் படங்களுக்கு வாய் இல்லை.
சுருளை விளக்குக்கு நேரே பிடித்து, உதட்டைப் பார்த்து,
குத்துமதிப்பாக வெட்டுவாள்.
பேச்சு வந்தபின் கணக்கு கறாரானது:
ஒரு முழம், ஒரு நொடி, இருபத்துநான்கு சட்டம்.
பூ அளப்பதுபோல் முத்தத்தை அளந்தாள்.
மூன்று முழத்துக்கு மேல் போனால்
மேலிடத்தில் இருமுவார்கள்.

சட்டம் போடுகிறவர்கள் கீழ்த்தளத்தில் சுருட்டு பிடித்தார்கள்.
சட்டத்தை எண்ணுகிறவள் இவள்.

வெட்டு ஒன்று, துண்டு இரண்டு.
பிறகு பசை. பசைக்கு அழுகிய பேரிக்காய் வாசம்;
டிராமில் பக்கத்து இருக்கை காலியாகவே வரும்.
"யாரோடும் ஒட்டு உறவு கிடையாது அவளுக்கு" என்றார்கள்,
நாளைக்கு நூறு ஒட்டுப் போடுகிறவளைப் பற்றி.

முப்பத்தெட்டாம் வருடம்.
டெல்ஃபீன் ரூர்க், விதவை வேடம், கையில் கடிதம்.
முப்பத்தொரு முறை எடுத்தார்கள்.
முப்பத்தொரு முறையும் அழுதாள். நன்றாகத்தான் அழுதாள்,
அதுதான் தொல்லை: அரங்கில் உட்கார்ந்திருப்பவனுக்கு
அழ ஒன்றும் மிச்சம் வைக்கவில்லை.
மூவியோலாவின் தீப்பெட்டித் திரையில்
மூன்று இரவு முன்னும் பின்னுமாக ஓட்டினாள் வில்மெட்.
பத்தொன்பதாவது எடுப்பு. பலகை தட்டி விலகி,
இயக்குநரின் குரல் வருவதற்கு முன்
கேமரா ஓடுவதை மறந்த ஒரு முகம்
குனிந்தது. இமை இறங்கியது.
ஏழு சட்டம்.
எடுத்து ஒட்டினாள்.

பொமோனாவில் முன்னோட்டம். கருத்துச் சீட்டில்
ஒரு பல் மருத்துவர் எழுதியிருந்தார்:
"அவள் கண் மூடியபோது என் தம்பி நினைவு வந்தான்."
விருது வாங்கிய இரவு டெல்ஃபீன் நன்றி சொன்னது
அம்மாவுக்கு, ஒளிப்பதிவாளருக்கு, தலை வாரிவிட்ட பெண்ணுக்கு.
வில்மெட் அன்று வேறொரு படத்தின்
நாலாவது ரீலில் இருந்தாள். அதில் ஒரு நாய்;
வாய் திறக்கும் முன்பே குரைத்துத் தொலைத்தது.

எட்டு வருடம் கழித்து ஒரு ராத்திரி
ஷூக்களைக் கையில் பிடித்தபடி படியேறி வந்தாள் டெல்ஃபீன்.
ஒப்பந்தத்தைப் புதுப்பிக்கவில்லையாம்.
"மற்ற முப்பதையும் பார்க்கணும். நான் அழுதது."
"இல்லை. லாரியில் போயிற்று. எரித்து வெள்ளி எடுப்பார்கள்."
"என் அழுகையிலிருந்தா? எவ்வளவு?"
"ஒரு டீக்கரண்டிக்குக் காணாது."
பிறகு இவள் கேட்டாள், கேட்கக் கூடாதென்று வைத்திருந்ததை:
அந்தப் பத்தொன்பதில் என்ன நினைத்தாய்?
"ஷூவில் ஆணி. இடது குதிகால்."

டெல்ஃபீன் சிரித்தாள். நீளமான சிரிப்பு.
இரண்டாவது மூச்சுக்கு முன்னால் வெட்டலாம் என்று
கை தானாக அளந்தது.
கத்தரி மேஜையில் கிடந்தது.
முழுவதையும் நின்று கேட்டாள்;
நடுவில் எங்கோ இவளும் சேர்ந்துகொண்டாள்.

ஓய்வுக்குப் பின் பசடீனாவில் வாடகை வீடு,
ஒரு டிவி.
ஐம்பத்தேழில் அந்தப் படம் போட்டார்கள்,
விளம்பரத்துக்காக யாரோ நறுக்கியது.
விதவை, கடிதம், குனிந்த முகம்,
இமை இறங்கியது.
திறப்பதற்குள் பற்பசை.

நாற்காலிக் கையில் விரலால் எண்ணிப் பார்த்தாள்.
"இரண்டு சட்டம் தாமதம்"
என்றாள் பற்பசையிடம்.